நம் கடல்வழியை வளைத்தது எடுக்காமல் விட்ட முடிவே

நடுவர் ஐயாவுக்கும், பாம்பன் கடற்காற்றில் மணலிலேயே உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருக்கும் உங்கள் எல்லோருக்கும் வணக்கம். நம் கடல்வணிகத்தின் வழியை வகுத்தது எடுத்த முடிவா, எடுக்காமல் விட்ட முடிவா? இதுதான் தலைப்பு. எனக்கு முன்னால் பேசிய தம்பி எடுத்த முடிவுதான் என்றார். அழகன்குளத்தில் தோண்டியபோது கிடைத்த கப்பல் வரைந்த பானை ஓட்டைச் சொன்னார், ரோமானியக் காசைச் சொன்னார், எவனோ ஒருவன் கிளம்புவோம் என்று முடிவெடுத்ததால்தானே அந்தக் காசு இங்கே வந்தது என்று கேட்டார். நல்ல கேள்வி. கிளம்பியது அவன் முடிவுதான், அதை ஒத்துக்கொள்கிறேன். ஆனால் தலைப்பு கிளம்பினதைப் பற்றியதா? வழியைப் பற்றியது.

வழி எப்படி உண்டாகிறது என்று எனக்கு முதலில் சொன்னது என் அப்பத்தா. ஒரு கதையாகச் சொன்னாள்.

பெரியபட்டினத்தில் ஒரு வியாபாரி. சீனத்துப் பீங்கான் வந்து இறங்கின ஊர் அது. அவர் தோணியில் முத்தும் சங்கும் ஏற்றியாகிவிட்டது, மேற்கே கொல்லத்துக்கா கிழக்கே ஈழத்துக்கா என்பதுதான் மனதில் நிலைக்கவில்லை. மேல்காற்றான கச்சான் அடித்தது, போகவில்லை. வாடை அடித்தது, அப்போதும் போகவில்லை. ஒரு அமாவாசை விடியலில் வந்து பார்த்தால் தோணி கிடந்த பள்ளம் மட்டும் கரையில் இருக்கிறது. வடகடலுக்கும் தென்கடலுக்கும் நடுவே, மணல்திட்டுக்கு மேலேயே போகாவழி என்று ஒரு வழி உண்டாம், தோணி தானாக அதில் ஏறிவிட்டதாம். அன்றிலிருந்து யார் எதை முடிவுபண்ணாமல் விட்டாலும் அந்த வழியில் சரக்காகப் போய்ச் சேர்ந்துவிடும். சொல்லாமல் விட்ட சம்மதம், எடை போடாமல் விட்ட நெல், இறங்காமல் விட்ட முத்துக்குளிப்பு, எல்லாம் அங்கே தோணி தோணியாகப் போகும். எந்தத் துறைக்கும் வராது, எங்கேயும் நங்கூரம் போடாது. ஆனால் நம் தோணி எதிரே வந்தால் நாம்தான் ஒதுங்க வேண்டும். “இல்லாத தோணிக்கு நாம ஏன் அப்பத்தா ஒதுங்கணும்?” என்று கேட்டேன். “அது விலகாதுடி. இருக்கிறதுதான் விலகிப் போகணும்” என்றாள்.

சின்ன வயதில் அது பயமாக இருந்தது. அப்புறம் நிலப்படத்தைப் பார்த்தபோது புரிந்தது. தூத்துக்குடியிலிருந்து சென்னைக்கு ஒரு பெரிய சரக்குக் கப்பல் போக வேண்டுமென்றால் எப்படிப் போகிறது? நேரே வடக்கே வர முடியாது. ராமர் பாலத்து மணல்திட்டில் சில இடங்களில் ஆள் ஆழம்கூட இல்லை. அதனால் இலங்கைத் தீவையே ஒரு சுற்றுச் சுற்றி வருகிறது. 1860-லேயே டெய்லர் என்ற ஆங்கிலேயர் இங்கே கால்வாய் வெட்டலாம் என்று திட்டம் கொடுத்தார். அதற்குப் பின்னால் குழு மேல் குழு, அறிக்கை மேல் அறிக்கை. 2005-ல் மதுரையில் தொடக்க விழா நடந்தது, தோண்ட ஆரம்பித்தார்கள், 2007-ல் ராமர் பாலத்தில் கை வைக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் தடை போட்டது, அப்புறம் வேலை நின்றே போனது. வெட்ட வேண்டும் என்பவர்களுக்கும் காரணம் இருக்கிறது. வேண்டாம் என்பவர்களுக்கும் இருக்கிறது, மன்னார் வளைகுடாவில் 21 தீவுகளைச் சுற்றிப் பவளப்பாறை இருக்கிறது, அதை நம்பி மீன் இருக்கிறது, மீனை நம்பி நாம் இருக்கிறோம். எது சரி என்று தீர்ப்புச் சொல்ல நான் இங்கே வரவில்லை. வெட்டாத ஒரு கால்வாய்க்காக ஒவ்வொரு பெரிய கப்பலும் இன்றைக்கும் விலகிப் போய்க்கொண்டிருக்கிறது, என் அப்பத்தா சொன்ன மாதிரியே.

தம்பி உடனே எழுந்து, முடிவெடுக்காமல் விடுவதும் ஒரு முடிவுதானே என்பார். முன்பே ஒருமுறை சொன்னார். இல்லை தம்பி. பெண் கேட்டு வந்தவரிடம் ‘தர முடியாது’ என்று சொன்னால் அவர் வேறு இடம் பார்ப்பார். ‘யோசித்துச் சொல்கிறோம்’ என்று சொல்லிப் பத்து வருஷம் உட்கார்ந்திருந்தால் அவர் வாழ்க்கையே அந்தப் பதிலைச் சுற்றி வளைந்துவிடும். மறுப்பு ஆளை விட்டுவிடும். முடியாத பேச்சு விடாது.

சரி, பாம்பன் பாலத்துக்கு வருகிறேன், எதிரணி அதைத்தான் தங்கள் பெரிய ஆயுதமாக வைத்திருக்கிறது. 1914-ல் திறந்தார்கள், எடுத்த முடிவுதான், மறுக்கவில்லை. ஆனால் ரயிலை இலங்கைக் கரையில் இருக்கும் தலைமன்னார் வரைக்கும் கடல்மேலேயே கொண்டுபோகும் யோசனையும் அந்தக் காலத்தில் இருந்தது. அது நடக்கவில்லை. தண்டவாளம் தனுஷ்கோடியில் முடிந்தது, அங்கிருந்து கப்பல். ரயிலில் வந்தவர் இறங்கிக் கப்பல் ஏற வேண்டியிருந்ததால்தான் அங்கே சுங்க அலுவலகம் வந்தது, தபால் நிலையம் வந்தது, கடைகள் வந்தன, 50 வருஷம் ஒரு ஊர் வாழ்ந்தது. பாலம் மட்டும் அந்தப் பக்கம் வரை போயிருந்தால் தனுஷ்கோடியை ஜன்னல் வழியாகப் பார்த்துவிட்டுத் தாண்டிப் போயிருப்பார்கள். கட்டாத பாலம் கட்டிய ஊர் அது. 1964 டிசம்பர் புயல் அதை எடுத்துக்கொண்டது, ரயிலோடு, ஆட்களோடு. உடைந்த பாம்பன் பாலத்தை 46 நாளில் சரிசெய்தார்கள், அந்த உழைப்புக்குத் தலைவணங்குகிறேன். ராமேஸ்வரத்துக்கு அப்பால் தனுஷ்கோடிக்குப் போன தண்டவாளம்? 2019-ல் அடிக்கல் நாட்டினார்கள், ரயில் இன்னும் போகவில்லை.

மணி அடித்துவிட்டார்கள், ஒரே ஒரு விஷயம் ஐயா, இதைச் சொல்லாமல் என்னால் இறங்க முடியாது.

அதே 1964, புயலுக்கு இரண்டு மாதம் முன்னால், அக்டோபர் 30. இலங்கைப் பிரதமர் சிறிமாவோவும் நம் பிரதமர் சாஸ்திரியும் போட்ட சிறிமாவோ – சாஸ்திரி ஒப்பந்தம். இலங்கை மலையகத் தோட்டங்களில் வேலை செய்த நம் ஆட்களில் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு என்று பிரித்தார்கள். மீதி 1,50,000 பேர் இருந்தார்கள். அவர்களைப் பற்றி என்ன எழுதினார்கள் தெரியுமா? பிறகு பேசிக்கொள்ளலாம் என்று. அந்தப் ‘பிறகு’ 1974-ல்தான் வந்தது, ஆளுக்குப் பாதி, 75,000 அங்கே 75,000 இங்கே.

அப்படி வந்தவர் ஒருவர் மண்டபத்தில் எங்கள் தெருவில் இருந்தார். நாங்கள் அவரை ஆச்சி என்போம். தலைமன்னாரில் கப்பல் ஏறி, ராமேஸ்வரத்தில் இறங்கி, மண்டபம் முகாமுக்கு வந்தவர். அவர் வீட்டில் ஒரு டிரங்குப் பெட்டி இருந்தது. தொழிலாளர்களின் வரிசை வீடான தோட்டத்து லயத்தில் இருந்தபோதே, எந்தப் பட்டியலில் பேர் வரும் என்று தெரியாமல் பாதித் துணியை அதில் அடுக்கி, மீதியை வெளியே கொடியில் போட்டு வைத்திருந்தார்களாம். மழைக்காலம் வந்தால் பெட்டியில் இருப்பதை எடுத்து வெயில் காட்டிவிட்டுத் திரும்ப அடுக்குவார்களாம். அந்தச் சமயத்தில் அவர் மூத்த மகளுக்குக் கல்யாணம் பேசவில்லை, வீட்டுக்குப் பின்னால் ஒரு முருங்கைக் கொம்புகூட நடவில்லை. எத்தனை வருஷம் ஆச்சி என்று கேட்டேன். “பத்து வருஷம் இருக்கும் கண்ணு” என்றார்.

ஆச்சி அந்தப் பெட்டியை அடுக்கியதும் பிரித்ததும் யார் எடுத்த முடிவால் என்று எதிரணியில் அடுத்துப் பேச வருகிறவர் சொல்லட்டும் ஐயா. நான் உட்கார்ந்து கேட்கிறேன்.