அமைச்சர் ஆனார், எம்.பி. பதவி போச்சு! சர்ச்சிலை விரட்டிய நாலு குதிரை சாரட்டு

வணக்கம் நண்பர்களே! பதவி உயர்வு கிடைத்ததாலேயே சீட்டைப் பறிகொடுத்த ஆளைப் பார்த்திருக்கிறீர்களா? 1908 ஏப்ரலில் வின்ஸ்டன் சர்ச்சிலுக்கு அதுதான் நடந்தது.

அப்போது அவருக்கு 33 வயது, லிபரல் கட்சி. பிரதமர் அஸ்க்வித் அவரை வர்த்தக வாரியத் தலைவராக்கி அமைச்சரவைக்குள் கொண்டுவந்தார். அந்தக் காலத்துச் சட்டப்படி, எம்.பி. ஒருவர் புதிதாக அமைச்சரானால் திரும்பவும் தொகுதியில் நின்று ஜெயிக்க வேண்டும். 1926 வரை இந்தக் கூத்து இருந்தது! தொகுதி, மான்செஸ்டர் வடமேற்கு. எதிரே கன்சர்வேட்டிவ் கட்சியின் ஜாய்ன்சன்-ஹிக்ஸ், 1906-ல் இதே இடத்தில் சர்ச்சிலிடம் தோற்றவர். சரி, பின்னணி போதும். சாரட்டுக்கு வருவோம்.

லிபரல் அரசின் மதுக்கடை உரிம மசோதாவால், மதுக்கூடங்களில் வேலை செய்த பெண்களின் பிழைப்புக்கே ஆபத்து வந்தது. அவர்களுக்காக, பெண்களின் ஓட்டுரிமைக்குப் போராடி வந்த ஈவா கோர்-பூத், எஸ்தர் ரோப்பர் இருவரும் சர்ச்சிலுக்கு எதிராகக் களத்தில் குதித்தார்கள். ஈவாவின் அக்கா கான்ஸ்டன்ஸ் மார்கியெவிச் அயர்லாந்திலிருந்து வந்து, நாலு வெள்ளைக் குதிரை பூட்டிய சாரட்டைத் தன் கையாலேயே ஓட்டினார். கற்பனை செய்து பாருங்கள்! கூட்டத்தில் ஒருவன், "உனக்குச் சமைக்கத் தெரியுமா?" என்று கத்தினானாம். "தெரியும். உனக்கு நாலு குதிரை சாரட்டு ஓட்டத் தெரியுமா?" என்று கேட்டாராம் கான்ஸ்டன்ஸ். எனக்கு இந்தப் பதிலுக்காகவே இந்த வீடியோ. அப்புறம், அந்தச் சாரட்டில் வந்த பெண்கள் யாருக்கும் ஓட்டுரிமை கிடையாது. ஆனால் 1918-ல் பிரிட்டிஷ் மக்களவைக்குத் தேர்வான முதல் பெண் யார் தெரியுமா? இதே சாரட்டுக்காரிதான்! பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தைப் புறக்கணித்த அயர்லாந்து விடுதலைக் கட்சியான சின் ஃபெயின்காரர் என்பதால் அந்த நாற்காலியில் உட்காரவே இல்லை. அது வேற லெவல்.

ஏப்ரல் 24, முடிவு: ஜாய்ன்சன்-ஹிக்ஸ் 5,417, சர்ச்சில் 4,988. எல்லாம் சாரட்டின் வேலை என்று சொன்னால் அடிப்பீர்கள். சர்ச்சிலோ, ஐரிஷ் கத்தோலிக்கர்கள் கடைசி நேரத்தில் காலை வாரிவிட்டதாகக் கடிதத்தில் புலம்பினார்.

இரண்டே வாரத்தில் ஸ்காட்லாந்தின் டண்டீயில் நின்று ஜெயித்துவிட்டார். அங்கே 655 ஓட்டு வாங்கிக் கடைசியில் வந்தவர் ஸ்கிரிம்ஜர், தீவிர மதுவிலக்குக்காரர். மனிதர் விடவில்லை. திரும்பத் திரும்ப நின்று, ஆறாவது முயற்சியில், 1922-ல், சர்ச்சிலையே வீழ்த்தினார். விஸ்கி இல்லாமல் பொழுது போகாத சர்ச்சிலை!

ஸ்கிரிம்ஜர் கதை தனி வீடியோவாக வேண்டுமா? கமெண்டில் 'சாரட்டு' என்று போடுங்கள்.