பெயர்த்து எடுத்த வலி

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம்.

1903 ஜூலையில் எடிசன் நிறுவனத்துக்காக ஆல்பிரட் அபாடி, அமெரிக்காவில் குடியேறக் கப்பலில் வந்தவர்களைச் சோதித்து அனுப்பிய, நியூயார்க் துறைமுகத்தின் எல்லிஸ் தீவில், அவர்கள் வந்து இறங்குவதை எடுத்த ஊமைப்படம். மூன்று நிமிடம்கூட ஓடாது. ‘இந்தப் படம் காட்டுவது புதுவாழ்வின் நம்பிக்கையா, ஊரைப் பிரிந்த வலியா?’ என்பது தலைப்பு. வலிதான் என்று சொல்ல வந்திருக்கிறேன்.

எதிரணித் தோழி சொன்னார்: “படகு கரையணைகிறது, பலகை போடுகிறார்கள், மக்கள் விறுவிறுவென்று இறங்கி வருகிறார்கள். இது நம்பிக்கையின் நடை இல்லையா?” சரி, நடையில் வேகம் இருக்கிறது. கைகளையும் பாருங்கள் தோழி. மூட்டை, பெட்டி, பிள்ளை. ஒரு வீட்டைக் கலைத்து, எதை எடுப்பது, எதை விட்டுவிட்டு வருவது என்று உட்கார்ந்து யோசித்தவர்களின் மூட்டை அது.

அந்தப் படகில் யார் வந்தார்கள்? முதல், இரண்டாம் வகுப்புப் பயணிகளைப் பெரும்பாலும் கப்பலிலேயே சோதித்து அனுப்பிவிடுவார்கள். கப்பலின் அடித்தட்டில் வந்த ஏழைகளைத்தான் இப்படிப் படகில் ஏற்றித் தீவுக்குக் கொண்டுபோனார்கள். அங்கே மருத்துவர்கள் கண்ணிமையைப் புரட்டிப் பார்ப்பார்கள். சந்தேகம் வந்தால் சட்டையில் சாக்குக்கட்டியால் ஓர் எழுத்துப் போடுவார்கள். கடைசியில் திருப்பி அனுப்பப்பட்டவர்கள் நூற்றுக்கு இரண்டு பேர் அளவுதான். “இவ்வளவு குறைவா?” என்று கேட்பீர்கள். அந்த இரண்டு பேர் யார் என்று பலகையில் இறங்கும்போது யாருக்குத் தெரியும்? தன் பிள்ளையாக இருந்துவிட்டால்? பயம் நூறு பேருக்கும் இருந்திருக்கும்.

அப்புறம், படத்தின் பெயர். ‘எல்லிஸ் தீவில் இறங்கும் குடிபெயர்ந்தோர்’. அமெரிக்க மண்ணில் நின்று எடுத்த படத்துக்குக் ‘குடியேறுவோர்’ என்றல்லவா பெயர் வைத்திருக்க வேண்டும்? அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தின் பட்டியலில், ‘அதாவது குடியேறுவோர்’ என்று அடைப்புக்குறிக்குள் திருத்தியே விட்டார்கள். நூலகத்தாருக்கு அது பிழை. எனக்கு அந்தப் பழைய பெயர்தான் சரி. ஏறுவது பிறகு நடக்கிற காரியம். நாற்றைப் பெயர்த்து நட்டால் முதல் சில நாள் துவண்டுதானே நிற்கும்? வேர் பிடிக்கிற வரைக்கும் அது நாற்றங்காலின் பயிர்தான். அபாடியின் கேமரா பிடித்தது அந்தத் துவண்ட நேரத்தை.

கேமரா சோதனைக் கூடத்துக்குள் போகவில்லை. அந்த முகங்களில் யார் உள்ளே போனார், யார் திரும்பினார் என்று படம் சொல்லவில்லை. நடுவர் அவர்களே, தீர்ப்புக்கு முன் அதை இன்னொரு முறை ஓடவிடுங்கள். இந்த முறை கால்களை விட்டுவிட்டு முகங்களை மட்டும் பாருங்கள்.