கவிதையும் நடனமும் உள்ள படம் ஆவணப்படம் ஆகுமா?

கறுப்பின அமெரிக்க இயக்குநர் மார்லன் ரிக்ஸ் 1989இல் எடுத்த 'டங்ஸ் அன்டைட்' படத்தைப் பற்றி நேயர் ஒருவர் கேட்டிருக்கிறார்: "தன்பாலீர்ப்புள்ள கறுப்பின ஆண்களைப் பற்றிய அந்தப் படத்தில் கவிதை, நடனம், நடிப்பு எல்லாம் வருகின்றன, விளக்கிச் சொல்லும் அறிஞர் ஒருவர்கூட இல்லை. அதை எப்படி ஆவணப்படம் என்கிறீர்கள்?" கேட்க வேண்டிய கேள்விதான் இது.

ரிக்ஸ் ஆவணப்பட மரபை அறியாதவர் அல்லர். அமெரிக்கக் கேலிச்சித்திரங்களும் விளம்பரங்களும் கறுப்பின மக்களை எப்படி இழிவுபடுத்தின என்பதை ஆராய்ந்த 'எத்னிக் நோஷன்ஸ்' என்ற அவருடைய முந்தைய படத்தில், பின்னணி விளக்கக் குரல், வரலாற்று அறிஞர்கள், பழைய சான்றுகள் அனைத்தும் உண்டு. அதற்கு எம்மி விருதும் கிடைத்தது. அந்த முறையை அடுத்த படத்தில் அவர் தெரிந்தேதான் விலக்கினார். இந்த ஆண்களைப் பற்றிப் பிறர் பேசியதற்குக் குறைவில்லை. அவர்கள் தம் வாயால் பேசியதைத்தான் திரையில் காண முடியவில்லை. அங்கேயும் ஓர் அறிஞரை உட்கார வைத்திருந்தால், அவர்கள் மீண்டும் ஆராயப்படும் பொருளாகவே நின்றிருப்பார்கள் என்பது என் உறுதியான கருத்து.

ஒரு காட்சியைப் பாருங்கள். ஜார்ஜியா மாநிலத்தில் கழிந்த தம் பள்ளிப் பருவத்தை ரிக்ஸ் கேமராவை நேராகப் பார்த்து நிதானமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறார். இடையிடையே, முகம் தெரியாமல், வாய் மட்டும் திரையை அடைத்துக்கொண்டு தோன்றி, ஒரு வசைச்சொல்லை உமிழ்ந்துவிட்டு மறைகிறது. ஒரு வசை அவர் நிறத்தைச் சாடுகிறது, இன்னொன்று அவருடைய பாலீர்ப்பைச் சாடுகிறது. இது நடித்து எடுக்கப்பட்டதுதான். ஆனால் அந்தச் சிறுவனின் காதில் அச்சொற்கள் விழுந்தபோது அருகில் எந்தக் கேமராவும் இருக்கவில்லை. அவர் நினைவைத் தவிர வேறு ஆவணம் அதற்கு ஏது?

அதே போல, தன்பாலீர்ப்பாளர்களின் புகலிடமாகப் பெயர் பெற்ற சான் பிரான்சிஸ்கோவின் காஸ்ட்ரோ பகுதிக்குச் சென்றபோதும், அங்கே கொண்டாடப்பட்ட முகங்களெல்லாம் வெள்ளையின முகங்களாகவே இருந்தன என்பதை அவரே சொல்கிறார். கவிஞர் எஸ்ஸெக்ஸ் ஹெம்ஃபில் தம் கவிதைகளைத் தாமே சொல்கிறார். எய்ட்ஸால் இறந்தவர்களின் இரங்கல் செய்திப் படங்கள் வரிசையாக வந்து, முடிவில் ரிக்ஸின் முகமே வருகிறது. தமக்கு எச்.ஐ.வி. இருப்பதை அறிந்த பின் அவர் முடித்த படம் அது. 1994இல், 37ஆம் வயதில், அவர் மறைந்தார்.

1991இல் அமெரிக்கப் பொதுத் தொலைக்காட்சி அமைப்பான பி.பி.எஸ். வழியாக ஒளிபரப்பு ஏற்பாடானபோது பல நிலையங்கள் மறுத்துவிட்டன. அடுத்த ஆண்டு, குடியரசுக் கட்சி வேட்பாளர் தேர்வில் அதிபர் புஷ்ஷை எதிர்த்த பாட் புக்கானன், படத்தின் சில நொடிகளை வெட்டி, புஷ்ஷைத் தாக்கும் தம் தேர்தல் விளம்பரத்தில் சேர்த்தார்; அதில் தெரிந்தவர்கள் பெரும்பாலும் ஆடிக்கொண்டிருந்த வெள்ளையின ஆண்கள். கறுப்பின ஆண்கள் பேசுவதற்கென்றே எடுக்கப்பட்ட படத்திலிருந்து அவர்களுடைய பேச்சை மட்டும் நீக்கிவிட்ட அந்தச் செயல் என்னை இன்றும் கோபப்படுத்துகிறது.

நேயருக்கு ஒரு வேண்டுகோள்: 'எத்னிக் நோஷன்ஸ்' படத்தை முதலில் பார்த்துவிட்டு, உடனே இதைப் பாருங்கள்.