மரக்கானாவில் ஒரு ஜூலை மாதம்: 1951 ரியோ கோப்பையின் கதை

வணக்கம் நண்பர்களே. கண்டம் விட்டுக் கண்டம் வந்து கால்பந்து கிளப்புகள் மோதிய கதை என்றால், நம்மில் பலருக்கு 1960ஆம் ஆண்டின் இன்டர்காண்டினென்டல் கோப்பைதான் முதலில் நினைவுக்கு வரும். மான்டெவிடியோவில் கோல் இல்லாமல் சமநிலையில் முடித்துவிட்டு, சொந்த ஊரில் பெனாரோல் அணியை 5–1 என்று வீழ்த்திய ரியல் மாட்ரிட்டின் பெயரும் கூடவே வரும். ஆனால் அதற்கு ஒன்பது ஆண்டுகள் முன்னரே, ஐரோப்பாவிலிருந்து ஐந்து கிளப்புகளும் தென் அமெரிக்காவிலிருந்து மூன்று கிளப்புகளும் ஒரே நாட்டில் கூடி மூன்று வாரங்கள் விளையாடியிருக்கின்றன. அந்தப் போட்டியைப் பற்றித்தான் இன்று பேசப்போகிறேன். பிரேசிலில் அதைக் கோப்பா ரியோ என்பார்கள். நாம் ரியோ கோப்பை என்று சொல்லிக்கொள்ளலாம்.

கதை 1950ஆம் ஆண்டு ஜூலை 16இல் தொடங்குகிறது. ரியோ டி ஜெனிரோவில் புதிதாகக் கட்டிய மரக்கானா மைதானத்தில் ஏறத்தாழ இரண்டு லட்சம் பேர் முன்னிலையில் உருகுவேயிடம் 2–1 என்று தோற்று, கைக்கு எட்டிய உலகக் கோப்பையைப் பிரேசில் பறிகொடுத்தது. ஒரு நாடே துக்க வீடானது என்று சொன்னால் அது மிகையில்லை. கோல்கீப்பர் பார்போசா அந்தப் பழியைத் தன் வாழ்நாள் முழுவதும் சுமந்தார். அந்தத் தோல்வியின் ஈரம் காய்வதற்குள், அதே மைதானத்தில் உலகின் முன்னணிக் கிளப்புகளை அழைத்து விளையாட வைக்க வேண்டும் என்று முனைந்தவர்களில் முக்கியமானவர், ஜோர்னால் தோஸ் ஸ்போர்ட்ஸ் என்ற விளையாட்டு நாளிதழை நடத்திவந்த மாரியோ ஃபில்யோ. மரக்கானா எழ வேண்டும் என்று தன் பத்திரிகையில் விடாமல் வாதாடியவரும் அவர்தான். காயம் பட்ட இடத்திலேயே மருந்து போட நினைத்த அந்த மனிதரின் மேல் எனக்குத் தனி மரியாதை உண்டு.

பிரேசில் விளையாட்டுக் கூட்டமைப்பு போட்டியை நடத்தும் பொறுப்பை ஏற்க, ஐரோப்பியக் கிளப்புகளைத் திரட்டுவதில் இத்தாலியைச் சேர்ந்த ஃபிஃபா நிர்வாகி ஒட்டோரினோ பராஸ்ஸி துணை நின்றார். இவரை இன்னொரு காரணத்துக்காகவும் நாம் நினைவில் வைத்திருக்க வேண்டும். இரண்டாம் உலகப் போரின்போது உலகக் கோப்பை நாஜிகளின் கையில் சிக்கிவிடாமல், ஒரு காலணிப் பெட்டிக்குள் வைத்துத் தன் கட்டிலுக்கடியில் ஒளித்துக் காத்தவர் இவரே.

எந்தெந்த அணிகள் வந்தன என்பதை இந்த அட்டையில் எழுதி வைத்திருக்கிறேன். கேமராவுக்கு அருகில் காட்டுகிறேன், பாருங்கள். இடப்பக்கம் இருப்பது ரியோ பிரிவு: பிரேசிலின் வாஸ்கோ ட காமா, உருகுவேயின் நேசியோனல், போர்ச்சுகலின் ஸ்போர்ட்டிங், ஆஸ்திரியா நாட்டின் ஆஸ்திரியா வியன்னா. வலப்பக்கம் சாவோ பாவ்லோ பிரிவு: பிரேசிலின் பால்மெய்ராஸ், இத்தாலியின் ஜுவெண்டஸ், யுகோஸ்லாவியாவின் ரெட் ஸ்டார், பிரான்சின் நீஸ். முதல் பிரிவின் ஆட்டங்கள் மரக்கானாவிலும் இரண்டாவது பிரிவின் ஆட்டங்கள் பகாயெம்பு மைதானத்திலும் நடந்தன. பிரேசிலுக்கு மட்டும் ஏன் இரண்டு இடங்கள் என்று நீங்கள் கேட்கலாம். அந்நாட்டில் அப்போது தேசிய லீக் என்று ஒன்றே கிடையாது. மாநிலப் போட்டிகளில் வெல்வதுதான் பெருமை. ஆகவே ரியோவின் சாம்பியனும் சாவோ பாவ்லோவின் சாம்பியனும் ஆளுக்கொரு பிரிவில் இறங்கினார்கள்.

ஒரு குறையையும் மறைக்காமல் சொல்லிவிட வேண்டும். இங்கிலாந்திலிருந்தோ ஸ்பெயினிலிருந்தோ அர்ஜென்டினாவிலிருந்தோ எந்த அணியும் வரவில்லை. இத்தாலியின் அந்த ஆண்டுச் சாம்பியன் மிலான்; ஆனால் வந்ததோ முந்தைய ஆண்டுச் சாம்பியனான ஜுவெண்டஸ். தகுதிச் சுற்று எதுவும் இல்லாத, அழைப்பின் பேரில் நடந்த போட்டி இது. அதை ஒப்புக்கொண்ட பிறகும், 1951இல் இதைவிட விரிவான ஒரு கிளப் போட்டியை யாரால் நடத்தியிருக்க முடியும் என்று யோசித்துப் பாருங்கள். கிளப்புகளுக்கான ஐரோப்பியக் கோப்பை தொடங்கவே இன்னும் நான்கு ஆண்டுகள் இருந்தன.

ஜூன் 30இல் ஆட்டங்கள் தொடங்கின. ரியோவில் வாஸ்கோவை அசைக்க முடியவில்லை. ஸ்போர்ட்டிங்கை 5–1, ஆஸ்திரியா வியன்னாவை 5–1, நேசியோனலை 2–1 என்று மூன்று ஆட்டங்களையும் வென்றார்கள். 1950 பிரேசில் அணியின் முதுகெலும்பே வாஸ்கோ வீரர்கள்தான் என்பதால், கோப்பை அவர்களுக்கே என்று பலரும் முடிவு கட்டியிருந்தார்கள். சாவோ பாவ்லோவில் பால்மெய்ராஸ் நீஸை 3–0 என்றும் ரெட் ஸ்டாரை 2–1 என்றும் வென்றுவிட்டு, ஜூலை 8இல் ஜுவெண்டஸிடம் 4–0 என்று சரிந்தது. சொந்த ஊர், சொந்த ரசிகர்கள், நான்கு கோல்கள். அந்த அணியின் கோல்கீப்பர் ஒபெர்தான் கத்தானி, தன் அகன்ற கைகளுக்குப் பேர் போனவர், ரசிகர்களின் செல்லப்பிள்ளை. அந்தத் தோல்விக்குப் பிறகு அவர் உட்கார வைக்கப்பட்டு, ஃபாபியோ என்ற மாற்றுக் கோல்கீப்பர் இறக்கப்பட்டார். பயிற்சியாளர் வென்ச்சுரா கம்போன் எடுத்த அந்த முடிவில்தான் போட்டியின் போக்கே திரும்பியது என்பது என் கருத்து.

அரையிறுதியில் வாஸ்கோவும் பால்மெய்ராஸும் மரக்கானாவில் இரண்டு முறை மோதின. முதல் ஆட்டத்தில் பால்மெய்ராஸ் 2–1 என்று வென்றது; இரண்டாவது ஆட்டம் கோல் இல்லாமல் முடிந்தது. பத்து நாட்களுக்குள் பன்னிரண்டு கோல்கள் அடித்திருந்த வாஸ்கோவை, ஃபாபியோ காத்த அந்த வலை இரண்டு ஆட்டங்களில் ஒரே ஒரு கோலோடு நிறுத்திவிட்டது. மறுபக்கம் ஜுவெண்டஸ், ஆஸ்திரியா வியன்னாவோடு 3–3 என்று திணறி, அடுத்த ஆட்டத்தை 3–1 என்று வென்று இறுதிக்கு வந்தது.

இறுதிப் போட்டிக்குப் போகும் முன் பால்மெய்ராஸின் பிறப்பைச் சொல்லியே ஆக வேண்டும், ஏனென்றால் அது தெரியாமல் அந்த மோதலின் கனம் புரியாது. 1914இல் சாவோ பாவ்லோவில் குடியேறிய இத்தாலியர்கள் தொடங்கிய கிளப் அது. அப்போது அதன் பெயர் பலெஸ்ட்ரா இத்தாலியா. போரில் பிரேசில் நேச நாடுகளின் பக்கம் சேர்ந்தபோது, எதிரி நாட்டின் பெயரைத் தாங்கக்கூடாது என்ற நெருக்கடியில் 1942இல் பெயரை மாற்ற வேண்டியதாயிற்று. பால்மெய்ராஸ் என்ற புதிய பெயரோடு ஆடிய முதல் ஆட்டத்தில், தாங்களும் பிரேசிலியர்களே என்று காட்டுவதற்காக வீரர்கள் பிரேசில் கொடியை ஏந்தியபடி மைதானத்துக்குள் நுழைந்தார்கள். ஒன்பது ஆண்டுகள் கழித்து, அதே கிளப் இத்தாலியின் ஜுவெண்டஸை எதிர்த்து நின்றபோது, பிரேசில் முழுவதும் அதன் பின்னால் நின்றது. இந்த இடத்துக்கு வரும்போதெல்லாம் எனக்கு மெய்சிலிர்க்கும்.

ஜூலை 18இல் நடந்த முதல் ஆட்டத்தில் ரோட்ரிகஸ் அடித்த ஒற்றைக் கோலில் பால்மெய்ராஸ் வென்றது. ஜூலை 22இல் இரண்டாவது ஆட்டம். மரக்கானாவில் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டோர். பால்மெய்ராஸுக்குச் சமநிலை போதும். 18ஆவது நிமிடத்தில் டென்மார்க் வீரர் பிரெஸ்ட் ஜுவெண்டஸை முன்னிலைப்படுத்தினார். இடைவேளை முடிந்து திரும்பிய இரண்டே நிமிடங்களில் ரோட்ரிகஸ் சமன் செய்தார். 63ஆவது நிமிடத்தில் இன்னொரு டென்மார்க் வீரர் கார்ல் ஆகே ஹான்சன் மறுபடியும் ஜுவெண்டஸுக்கு முன்னிலை தந்தார். ஒரு வருடம் முன்பு உருகுவே இதே மைதானத்தில் இரண்டாவது பாதியில்தான் வெற்றிக் கோலை அடித்தது என்பதை அந்தக் கூட்டத்தில் மறந்தவர் ஒருவர்கூட இருந்திருக்க மாட்டார். பதினான்கு நிமிடங்கள் அப்படியே கழிந்தன. 77ஆவது நிமிடத்தில் லிமின்யாவின் கோல் விழுந்தது. ஆட்டம் 2–2, கோப்பை பால்மெய்ராஸுக்கு. வென்ற அணியில் ஜாயிர் என்ற வீரரும் இருந்தார். உருகுவேயிடம் தோற்ற அந்தக் கருப்பு நாளில் பிரேசில் சட்டையணிந்து இதே புல்லில் ஓடியவர் அவர்.

1952இல் நடந்த இரண்டாவது ரியோ கோப்பையை ஃப்ளூமினென்சே, கொரிந்தியன்ஸை வீழ்த்தி வென்றது. அதற்கடுத்த ஆண்டு வேறு பெயரில் வேறு வடிவில் ஒரு போட்டி நடந்ததோடு அந்த முயற்சி ஓய்ந்துவிட்டது.

பால்மெய்ராஸ் தன்னை உலகச் சாம்பியன் என்று சொல்லிக்கொள்ளலாமா என்ற விவாதம் மட்டும் ஓயவே இல்லை. 2014இல் ஃபிஃபா செயற்குழு, 1951இல் நடந்தது கிளப்புகளுக்கான முதல் உலகளாவிய போட்டி என்று ஏற்றுக்கொண்டது. ஆனால் 2017இல் இன்டர்காண்டினென்டல் கோப்பை வென்றவர்களை உலகச் சாம்பியன்கள் என்று அறிவித்தபோது, ரியோ கோப்பை அந்த வரிசையில் இடம்பெறவில்லை. பால்மெய்ராஸுக்கு உலகப் பட்டம் இல்லை என்று எதிரணி ரசிகர்கள் இன்றும் மைதானங்களில் பாடுகிறார்கள். என்னைக் கேட்டால், ஐரோப்பாவும் தென் அமெரிக்காவும் அனுப்பிய சாம்பியன்களுக்கிடையே மைதானத்தில் வென்ற கோப்பை அது. எழுபது ஆண்டுகள் கழித்து ஒரு குழு தரும் முத்திரையால் அந்த 77ஆவது நிமிடம் கூடவும் செய்யாது, குறையவும் செய்யாது.

ஃபிஃபா தானே நடத்திய முதல் கிளப் உலகக் கோப்பையின் இறுதி ஆட்டம் 2000ஆம் ஆண்டு ஜனவரியில் நடந்தது. இடம், மரக்கானா. அதற்குள் அந்த மைதானத்துக்கு அதிகாரபூர்வமாக மாரியோ ஃபில்யோவின் பெயரே சூட்டப்பட்டிருந்தது. ஆடியவர்கள் வாஸ்கோவும், சாவோ பாவ்லோவிலிருந்து வந்த கொரிந்தியன்ஸும். 1951 அரையிறுதியின் இரண்டாவது ஆட்டத்தைப் போலவே அன்றும் கோல் விழவில்லை. அன்றும் தோற்றது வாஸ்கோதான், இம்முறை பெனால்டியில்.