வின்டர் என்பது ஒரு ஆள்

(மெல்பர்னில் ஞாயிறு மாலைக் கூட்டம் ஒன்றில் பேசியதன் எழுத்து வடிவம்)

எல்லோருக்கும் வணக்கம்.

என்ன தலைப்பில் பேசப் போகிறீர்கள் என்று கேட்டபோது, "நான் குடியிருக்கும் ஊர்" என்று போட்டுக்கொள்ளுங்கள் என்றேன். "எந்த ஊர்?" என்றார் அமைப்பாளர். வின்டர் வேலி என்றேன். "அது எங்கே இருக்கு?" பதினைந்து வருடமாக இதே விக்டோரியா மாநிலத்தில் இருப்பவர் அவர். பல்லாரட்டின் மேற்கு ஓரம் என்று சொன்னதும் முகம் மலர்ந்தது. "பல்லாரட்டா! சாவரின் ஹில் போயிருக்கோமே!" பழைய தங்கவேட்டை ஊரைத் திரும்பக் கட்டிவைத்திருக்கும் அந்தச் சுற்றுலா இடத்துக்கு நாம் எல்லோருமே போயிருக்கிறோம். ஊரிலிருந்து யார் வந்தாலும் கூட்டிக்கொண்டு போய், ஓடையில் மண்ணை அரிக்க வைத்து, கிடைத்த மஞ்சள் துகளைக் குப்பியில் போட்டுக் கொடுத்து அனுப்புகிறோம். அதோடு பல்லாரட் முடிந்துவிடுகிறது. இன்றைக்கு அந்தத் தங்கத்தை நான் தொடப்போவதில்லை. தங்கம் தோண்டிய இடத்திலிருந்து பத்துப் பதினைந்து நிமிடம் காரில் மேற்கே போனால், நேற்றுவரை ஆடு மேய்ந்த மண்ணில் ஓர் ஊர் முளைத்திருக்கிறது. அதைப் பற்றித்தான் பேச்சு.

வீடு கட்ட மனை வாங்கியதும் அம்மாவுக்குப் போன் செய்தேன். ஊர்ப் பெயரைத் தமிழில் சொன்னால்தானே புரியும் என்று, "குளிர்காலப் பள்ளத்தாக்கும்மா" என்றேன். அம்மா மனதில் கொடைக்கானல் வந்துவிட்டது. அந்த வாரமே வீடியோ காலில் இடத்தைக் காட்டினேன். தட்டையான நிலம், காய்ந்த புல், இளஞ்சிவப்பு நாடா கட்டிய முளைக்குச்சிகள், தூரத்தில் ஒரு கம்பிவேலி. அம்மா கொஞ்ச நேரம் ஒன்றும் சொல்லவில்லை. அப்புறம் கேட்டார்: "பள்ளத்தாக்கு எங்கேடா?"

நியாயமான கேள்வி. பள்ளத்தாக்கு என்று சொல்லும்படி அங்கே பெரிதாக ஒன்றும் கிடையாது. குளிர் உண்டு, அதில் பொய் இல்லை. இங்கிருந்து பாக்கஸ் மார்ஷ் தாண்டி மேட்டில் ஏற ஏற, கார் கண்ணாடியைத் தொட்டுப் பார்த்தாலே தெரியும். பல்லாரட் கடல் மட்டத்துக்கு மேல் நானூறு மீட்டருக்கும் அதிக உயரத்தில் இருக்கிறது. ஜூலையில் காலை ஆறு மணிக்குப் புல்வெளி முழுக்க உப்பு கொட்டினதுபோல உறைபனி. அதனால் 'வின்டர்' என்ற பெயர் பொருத்தமாகத்தான் வைத்திருக்கிறார்கள் என்று நானும் ரொம்ப நாள் நினைத்துக்கொண்டிருந்தேன். அது தப்பு என்பதற்குப் பிறகு வருகிறேன்.

நாங்கள் அங்கே போன காரணம் பெரிய கதை இல்லை. உங்களில் பாதிப் பேருக்குத் தெரிந்த கதைதான். 2019 நவம்பரில் வந்த 491 விசா. சிட்னி, மெல்பர்ன், பிரிஸ்பேன் மூன்றையும் விட்டுவிட்டு வெளியே போய் இரு, மூன்று வருடம் வேலை பார், அப்புறம் நிரந்தர வசிப்புரிமைக்கு வா என்கிற ஏற்பாடு. பல்லாரட் அந்தக் கணக்கில் வெளியூர். மூன்று வருடத்துக்கு என்று போனோம், தங்கிவிட்டோம். எங்களைப்போல எத்தனையோ பேர். 2021 கணக்கெடுப்பில் பல்லாரட் மாநகராட்சி எல்லைக்குள் 1,13,000 பேருக்கு மேல். வளர்கிற ஊர். வளர்ச்சி எல்லாம் மேற்குப் பக்கம்தான் போகிறது.

சபர்ப் என்பதை நாம் புறநகர் என்று சொல்லிவிடுகிறோம். காதில் விழும்போது கட்டடம், கடைத்தெரு, பேருந்து எல்லாம் தோன்றுகிறது. இங்கே அப்படி இல்லை. சபர்ப் என்பது வரைபடத்தில் ஒரு கோடு, அந்தக் கோட்டுக்குள் ஒரு பெயர். மாநகராட்சி பெயரை முன்மொழியும், மக்களிடம் கருத்துக் கேட்கும், மாநிலத்தின் பெயர்ப் பதிவாளர் ஒப்புக்கொண்டால் அரசிதழில் வரும். அவ்வளவுதான், ஊர் பிறந்துவிட்டது. உள்ளே ஆள் இருக்கவேண்டும் என்று கட்டாயமில்லை. எங்கள் தெருமுனையில் பச்சை வெள்ளையில் பெயர்ப்பலகை நின்றபோது தெரு போட்டு முடியவில்லை. பலகையின் காலடியில் முழங்கால் உயரப் புல். பலகைமேல் ஒரு மேக்பை பறவை உட்கார்ந்து என்னை முறைத்துக்கொண்டிருந்தது. அந்த ஊரின் முதல் குடிமகன் அதுதான், நான் இரண்டாவது.

புது ஊரில் வீடு கட்டுகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. மனை விலையைப் பார்த்து மயங்காதீர்கள், 'சைட் காஸ்ட்' என்ற ஒரு வரியை, அதாவது மனையை வீடு கட்டத் தயார்செய்யும் செலவைப் பாருங்கள். மேற்கு விக்டோரியாவில் பெரும் பரப்பு எரிமலைக் குழம்பு ஓடி உறைந்த சமவெளி. மேலே களிமண், அடியில் எங்கே கருங்கல் கிடக்கிறது என்று தோண்டினால்தான் தெரியும். எங்கள் மனையில் அஸ்திவாரத்துக்குத் தோண்டியபோது நம் ஊர் ஆட்டுக்கல் அளவில் ஒன்று, அம்பாசடர் கார் அளவில் ஒன்று வந்தது. சின்னதைத் தோட்டத்தில் போட்டிருக்கிறேன். பெரியதற்குப் பணம் கட்டினேன்.

இன்னொன்று, முகவரி. ஊர் புதிது, தெரு அதைவிடப் புதிது. எங்கள் ஃபிரிட்ஜ் ஒரு நாள் முழுக்க ஊர் சுற்றியது. ஓட்டுநருடைய போனில் எங்கள் தெரு இல்லை, அவர் ஏதோ ஒரு பண்ணை வாசலில் நின்றுகொண்டு, "இங்கே வீடே இல்லையே, மாடுதான் இருக்கு" என்கிறார். சிரிப்பாக இருக்கிறது. ஆனால் ஆம்புலன்ஸுக்கும் அதே வரைபடம்தான். பெயர் வைக்கும் விதிகளில் ஒன்றைப்போல இன்னொன்று இருக்கக்கூடாது, சொல்லவும் எழுதவும் எளிதாக இருக்கவேண்டும் என்றெல்லாம் வைத்திருப்பது இதற்காகத்தான். பதற்றத்தில் அவசர உதவிக்கு மூன்று சைபரை அழுத்துகிறவன் ஊர்ப் பெயரைத் திக்காமல் சொல்லவேண்டும். இந்த விதியைக் கொஞ்சம் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

சரி, வின்டர் யார்? ஜான் வின்டர். ஸ்காட்லாந்திலிருந்து வந்தவர். தங்கம் கிடைப்பதற்கு முன்பே இந்தப் பக்கத்து மேய்ச்சல் நிலத்தைப் பிடித்து ஆடு வளர்த்தவர். அவருடைய இருப்பிடத்தின் பெயர் பான்ஷா. இன்றைக்கு எங்களுக்குப் பக்கத்து சபர்பின் பெயரும் அதுதான். அவர் பெயரில் ஓர் ஓடை, ஒரு சதுப்பு நிலம். அந்த ஓடை எங்கள் ஊர் வழியாகப் போகிறது. அதுதான் வின்டர் வேலி. குளிருக்கும் பெயருக்கும் சம்பந்தமே இல்லை. அம்மாவிடம் நான் சொன்ன மொழிபெயர்ப்பு, ராமசாமி நகரை 'ராமரின் எஜமான் நகர்' என்று சொன்ன கதைதான்.

ஆனால் இந்தப் பெயர் முதலில் வரவில்லை. 2013-இல் மாநகராட்சி இந்தப் புதுப் பகுதிக்கு முன்வைத்த பெயர் வேறு: முல்லாவல்லா.

முல்லாவல்லா ஒரு மனிதர். இந்த மண்ணின் பழங்குடிகளான வாடவுரங் மக்களில் ஒருவர். வெள்ளைக்காரர்கள் அவரைக் 'கிங் பில்லி' என்று கூப்பிட்டார்கள். கழுத்தில் ஒரு பெயர்த் தகட்டை மாட்டிவிட்டு ராஜா என்று அழைப்பது அந்தக் காலத்து வழக்கம். நிலத்தை எடுத்துக்கொண்டு பட்டத்தைக் கொடுப்பது. 1896-இல் பல்லாரட்டில் இறந்தார். இந்த இனத்தின் கடைசி மனிதர் போய்விட்டார் என்று அன்று எழுதினார்கள். அது உண்மையில்லை. வாடவுரங் மக்கள் இன்றைக்கும் இருக்கிறார்கள், அவர்களுக்கென்று அமைப்பு இருக்கிறது, பள்ளி விழாக்களில் வந்து பேசுகிறார்கள். சரி, அவர் பெயரை ஊருக்கு வைக்கலாம் என்றதும் எதிர்ப்பு வந்தது. அந்தப் பக்கம் வசித்தவர்கள் பலர் சொன்ன காரணம்: எழுதக் கஷ்டம், சொல்லக் கஷ்டம்.

எனக்கு இது தெரியவந்த அன்று ஒரு காகிதத்தை எடுத்து எண்ணிப் பார்த்தேன். ஆங்கிலத்தில் முல்லாவல்லா என்று எழுத 11 எழுத்து. வின்டர் வேலிக்கு 12. அந்தப் பதினொன்றிலும் திரும்பத் திரும்ப வருவது ஆறே எழுத்துதான். நம் வாயில் அது தாலாட்டு மாதிரி வருகிறது. ஒரு தடவை சொல்லிப் பாருங்கள். முல்லாவல்லா. எங்கே கஷ்டம்?

இதைச் சொன்னவர்கள் எந்த ஊர்க்காரர்கள் என்று பாருங்கள். பல்லாரட் என்ற சொல்லே வாடவுரங் சொல்தான், இளைப்பாறும் இடம் என்று பொருள் சொல்கிறார்கள். தெற்கே பனின்யாங். மேற்கே பரம்பீட் ஏரி. ஊர் நடுவில் வென்டூரி ஏரி, 1956 ஒலிம்பிக்கில் படகுப் போட்டி நடந்த ஏரி. இந்த வென்டூரிக்கு ஒரு கதை உண்டு. 1838-இல் ஆடுகளோடு வந்த வில்லியம் யுயில் என்பவர், ஒரு பழங்குடிப் பெண்ணிடம் இந்த ஏரிக்கு என்ன பெயர் என்று கேட்டாராம். அவர் 'வென்டாரி' என்றாராம். அதற்கு 'போய்த் தொலை' என்று அர்த்தமாம். உண்மையோ இல்லையோ, பல்லாரட்டில் எல்லோரும் இதைச் சிரித்துக்கொண்டே சொல்வார்கள். போய்த் தொலை என்பதை நூற்று எண்பது வருடமாக எழுத்துப்பிழை இல்லாமல் எழுதுகிறவர்களுக்கு முல்லாவல்லாதான் வாயில் நுழையவில்லை.

ஆக, நாக்குக்கு ஒன்றும் கஷ்டம் இல்லை. பழக்கம் இல்லை, அவ்வளவுதான். இதை அரசாங்கமே ஒப்புக்கொள்கிறது. இன்றுள்ள பெயர் விதிகளில், எளிதாக இருக்கவேண்டும் என்ற அந்த நிபந்தனைக்குப் பழங்குடி மொழிப் பெயர்களுக்கு மட்டும் விலக்கு இருக்கிறது. முதலில் சிக்கலாகத் தெரிவது புழங்கப் புழங்கச் சுலபமாகிவிடும் என்று எழுதியே வைத்திருக்கிறார்கள்.

இங்கே நான் என்னையும் காட்டிக்கொடுக்க வேண்டியிருக்கிறது. என் முழுப் பெயரைப் போனில் சொல்லி முடிப்பதற்குள் எதிரில் இருப்பவர் மூன்று தடவை மன்னிப்புக் கேட்பார். "பி ஃபார் பாப், எஸ் ஃபார் சாம்" என்று பாட்டாகவே மனப்பாடம். காபிக் கடையில் என் பெயர் 'ராஜ்', வேறு எங்கேயும் அப்படி இல்லை. அப்படிப்பட்ட நான், மனை பார்க்கப் போன அன்று மனைவியிடம் சொன்னது என்ன தெரியுமா? "நல்லவேளை, ஊர்ப் பெயராவது சுலபமா இருக்கு. ஸ்பெல்லிங் சொல்லவே வேண்டாம்." முல்லாவல்லாவின் கதை தெரியாமல் சொன்னேன் என்று சமாதானம் செய்துகொள்ளலாம். தெரிந்திருந்தால் என்ன சொல்லியிருப்பேன் என்று சத்தியம் செய்ய மாட்டேன்.

எங்களுக்கு வடக்கே லூக்காஸ் என்று இன்னொரு புது சபர்ப். அதன் பெயருக்கு இப்படிச் சண்டை நடந்ததாக நான் கேள்விப்பட்டதில்லை. லூக்காஸ் என்றதும் யாரோ கவர்னர் என்று நினைப்பீர்கள், ஏனென்றால் பக்கத்தில் டெலகோம் என்பது ஒரு கவர்னர், ஆல்ஃபிரட்டன் என்பது ஓர் இளவரசர். லூக்காஸ் அப்படி இல்லை. எலெனர் லூக்காஸ் என்ற கைம்பெண் 1888-இல் வீட்டில் வைத்துத் தொடங்கிய தையல் தொழில், பெரிய ஆடைத் தொழிற்சாலையாக வளர்ந்தது. அதில் வேலை பார்த்த பெண்களை ஊரே 'லூக்காஸ் கேர்ள்ஸ்' என்றது. முதல் உலகப்போர் நடந்துகொண்டிருந்தபோது, நிறுவனத்தின் இயக்குநர்களில் ஒருவரான டில்லி தாம்சன் ஒரு யோசனை சொன்னார்: போருக்குப் போன ஒவ்வொருவருக்கும் ஒரு மரம். 1917 ஜூன் 3 அன்று நட ஆரம்பித்தார்கள். 1919 வரை நட்டார்கள். 22 கிலோமீட்டர் சாலை, 3,700-க்கும் மேல் மரங்கள். பட்டாளத்தில் சேர்ந்த வரிசைப்படி ஆளுக்கு ஒன்று, நர்ஸுகளுக்கும் உண்டு. சாலையின் தொடக்கத்தில் வெற்றி வளைவு. அதற்குப் பணம் சேர்க்கப் பொம்மை செய்து விற்றிருக்கிறார்கள். 1920 ஜூன் 2 அன்று வேல்ஸ் இளவரசர் வந்து வளைவைத் திறந்தபோது அந்தப் பெண்கள் அவருக்கு என்ன பரிசு கொடுத்தார்கள் தெரியுமா? அவர்களே தைத்த ஒரு பைஜாமா. ஆளுக்கொரு தையல் போட்டதாகச் சொல்வார்கள். இளவரசருக்கு இரவு உடை கொடுக்கத் துணிந்த தொழிலாளிகளை எனக்கு ரொம்பப் பிடிக்கும்.

ஒருநாள் அந்தச் சாலையில் காரை ஓரம் கட்டிவிட்டு நடந்தேன். மரத்தடியில் உள்ளங்கை அகலத்துக்கு ஒரு உலோகத் தகடு. ஒரு பெயர், ஒரு படைப்பிரிவு. அடுத்த மரம், அடுத்த பெயர். சில இடத்தில் பழைய மரம் போய்விட்டு இளங்கன்று நிற்கிறது, தகடு மட்டும் பழையது. பக்கத்தில் வேலிக்கு அப்பால் புது வீடுகளின் சாம்பல் நிறக் கூரைகள், டிராம்போலின், துணி காயும் கொடி.

இன்னும் ஒன்று பாக்கி இருக்கிறது. வின்டர் பெயரில் ஒரு சதுப்பு நிலம் இருந்தது என்று சொன்னேன் இல்லையா? வின்டர் ஸ்வாம்ப். எங்கள் வீட்டிலிருந்து சைக்கிளில் போகலாம். நாணல், நீர்க்கோழி, தவளைச் சத்தம். ஊருக்கு வைக்க விடாத பெயரைப் பின்னால் அதற்கு வைத்துவிட்டார்கள். இப்போது அது முல்லாவல்லா வெட்லேண்ட்ஸ். ஆக, சதுப்பிலிருந்த வின்டர் வீடுகளுக்குக் குடிவந்துவிட்டார், வீடுகளுக்கு வரவேண்டிய முல்லாவல்லா சதுப்புக்குப் போய்விட்டார். தண்ணீருக்கு ஆட்சேபம் தெரிவிக்கத் தெரியாது. என் மகள் ஞாயிற்றுக்கிழமை ஆனால், "அப்பா, முல்லாவல்லா போலாமா?" என்கிறாள். அவளுக்கு அது வாத்து இருக்கும் இடம்.

கேள்வி கேட்க நேரம் விடவேண்டும் என்று அமைப்பாளர் கடிகாரத்தைக் காட்டுகிறார். பல்லாரட் வருகிறவர்கள் சாவரின் ஹில் முடித்துவிட்டு எங்கள் வீட்டுக்கு வாருங்கள். டிசம்பராக இருந்தாலும் ஸ்வெட்டர் எடுத்துக்கொள்ளுங்கள். வெற்றி வளைவைத் தாண்டி இடப்பக்கம் திரும்பி நேரே வரவேண்டும். ரவுண்டானா வந்ததும் நிறுத்தி எனக்குப் போன் செய்யுங்கள். எங்கள் தெரு சில போன்களில் இன்னும் வருவதில்லை. மாடு தெரிந்தால் தாண்டி வந்துவிட்டீர்கள் என்று அர்த்தம்.