முகத்தை நம்பிய மனிதர்

அனைவருக்கும் வணக்கம். படம் போடுவதற்கு முன்னால் கொஞ்ச நேரம் பேசச் சொன்னார்கள். படத்துக்கு வந்த இடத்தில் ஒருவர் எழுந்து நின்று பேச ஆரம்பித்தால் எனக்கே எரிச்சல் வரும். அதனால் சீக்கிரம் முடித்துவிடுகிறேன்.

இன்றைய படமான 'மரண வண்டி'யை எடுத்தவர் விக்டர் ஷோஸ்ட்ரோம். கதாநாயகனும் அவரே. 1879இல் ஸ்வீடனில் பிறந்து, கைக்குழந்தையாக நியூயார்க்கின் புரூக்ளினுக்குப் போய், ஏழு வயதில் தாயை இழந்து, உறவினர் வீட்டில் வளர ஊர் திரும்பியவர். பதினேழு வயதில் நாடகக் குழுவில் சேர்ந்து ஊர் ஊராகச் சுற்றினார். 1912இல் ஸ்வென்ஸ்கா பயோ என்ற பட நிறுவனத்தின் தலைவர் சார்லஸ் மாக்னுசன் அவரைச் சினிமாவுக்கு அழைத்து வந்தார்.

முதலில் இயக்கிய படத்தின் பெயர் 'தோட்டக்காரர்'. அதில் அவருக்கு வில்லன் வேஷம். ஸ்வீடனில் அப்போதுதான் தணிக்கைத் துறை தொடங்கியிருந்தது. படத்தைப் பார்த்தார்கள், தடை போட்டுவிட்டார்கள். அமெரிக்க காங்கிரஸ் நூலகத்தில் ஒரு பிரதி கிடைத்து, 1980இல்தான் ஸ்வீடன் மக்கள் அதைப் பார்த்தார்கள். நல்ல தொடக்கம், இல்லையா?

அடுத்த ஆண்டே, 1913இல், 'இங்கெபோர்க் ஹோல்ம்' வந்தது. கணவன் இறந்து, கடை நொடித்து, ஏழைகள் விடுதியில் சேர்கிறாள் ஒரு தாய். பிள்ளைகளை ஆளுக்கொரு வீட்டில் பிரித்துக் கொடுத்துவிடுகிறார்கள். ஒரு நாள் நோயுற்ற மகளைப் பார்க்க விடுதியிலிருந்து தப்பிப் போகிறாள்; பிறகு கடைசிக் குழந்தையைப் பார்க்கும்போது அதற்கு அவளை அடையாளம் தெரியவில்லை. அதில் அவளுடைய புத்தி பேதலிக்கிறது. அதன்பின் ஒரு மரத்துண்டைத் துணியில் சுற்றித் தாலாட்டிக்கொண்டே இருக்கிறாள். கேமரா கிட்டே போவதில்லை. நின்ற இடத்தில் நின்று பார்க்கிறது, அவ்வளவுதான். மேடையில் கையைக் காலை வீசி நடித்துப் பழகிய ஒருவர், சினிமாவில் அதெல்லாம் வேண்டாம் என்று இரண்டே ஆண்டில் புரிந்துகொண்டாரே, அதுதான் எனக்கு ஆச்சரியம். ஏழைகளுக்கான சட்டங்களைப் பற்றி நாட்டில் பெரிய விவாதமே கிளம்பியது.

அப்புறம் நார்வே எழுத்தாளர் இப்சனின் நெடுங்கவிதையை வைத்து 'தேரியே வீகன்', 1917. கடலோரத்தில் எடுத்தார், மாலுமியாகத் தானே நடித்தார். அதில் கடலும் ஒரு பாத்திரம்.

இனி இன்றைய படத்துக்கு வருகிறேன். 'மரண வண்டி' என்று தமிழில் சொல்லலாம். ஸ்வீடன் எழுத்தாளர் செல்மா லாகர்லாவின் நாவல். 1921 ஜனவரி 1ஆம் தேதி வெளியிட்டார்கள்; காரணம் உண்டு. வருடத்தின் கடைசி இரவில், பன்னிரண்டு மணி அடிக்கும் நேரத்தில் சாகிறவன், அடுத்த வருடம் முழுவதும் மரணத்தின் வண்டியை ஓட்ட வேண்டும் என்பது கதை. மாட்டிக்கொள்கிறவன் டேவிட் ஹோல்ம் என்ற குடிகாரன்.

வண்டி கண்ணாடி மாதிரி ஊடுருவித் தெரியும். கணினி இல்லாத காலம். கையால் சுழற்றும் கேமரா. ஒரு முறை காட்சியை எடுத்து, அதே பிலிமைப் பின்னோக்கிச் சுற்றி, அதன்மேலேயே ஆவியை எடுக்க வேண்டும். சில இடங்களில் நான்கு முறை வரை இப்படிச் செய்தார்கள். ஒரு முறை கை தவறினால் முன்னே எடுத்ததெல்லாம் வீண். அதைச் சாதித்த ஒளிப்பதிவாளர் யூலியுஸ் யேன்சனுக்குத் தனியாக ஒரு கூட்டமே போடலாம்.

ஆனால் நீங்கள் வண்டியை மட்டும் பார்த்துக்கொண்டிருக்காதீர்கள். மனைவி கதவைப் பூட்டிவிட்டுக் குழந்தைகளோடு தப்பப் பார்க்கும்போது, டேவிட் கோடாலியை எடுக்கிறான். அவன் வெறி பிடித்தவன் போலக் கத்திக் குதிப்பதில்லை. ஒரு வேலையைச் செய்து முடிப்பவன் போலப் பலகையைப் பிளக்கிறான். எனக்கு வயிற்றைக் கலக்கியது அதுதான்.

1923இல் ஹாலிவுட் அழைத்தது. பெயரை 'சீஸ்ட்ரம்' என்று மாற்றினார்கள். லிலியன் கிஷ் நடித்த 'காற்று' அங்கே எடுத்ததில் சிறந்தது. மொஹாவே பாலைவன வெயிலில், விமான விசிறிகளை ஓடவிட்டு மணலை முகத்தில் அடித்தார்கள். 1928இல் வெளிவந்தபோது பேசும்படம் வந்துவிட்டது, யாரும் கண்டுகொள்ளவில்லை. அவர் ஸ்வீடன் திரும்பி, பெரும்பாலும் மறுபடி நடிகராகவே ஆகிவிட்டார்.

இன்னும் ஒன்று சொல்லிவிடுகிறேன். 1940களில் ஒரு ஸ்டூடியோவில் கலை ஆலோசகராக இருந்தபோது, முதல் படத்தில் எல்லோரோடும் சண்டை போட்டுக்கொண்டிருந்த ஓர் இளைஞரின் பின்கழுத்தைப் பிடித்து, வெளியே நடத்திக் கூட்டிப்போய்ப் புத்தி சொன்னார்: காட்சியைச் சிக்கலாக்காதே, நடிகர்களை நேருக்கு நேர் எடு, சண்டை போடாதே. அந்த இளைஞர்தான் பின்னாளில் பெரிய இயக்குநரான இங்மர் பெர்க்மன். 1957இல் அவர் 'காட்டு ஸ்ட்ராபெரி' எடுத்தபோது கிழவர் வேடத்துக்கு அழைத்தது இந்த ஆசானைத்தான். வயது 77. சாயங்காலம் நேரத்துக்கு வீட்டுக்குப் போய் விஸ்கி குடிக்க வேண்டும் என்பதில் மட்டும் கிழவர் கறாராக இருந்தாராம். அந்தப் படத்தில் அவருடைய முகத்தைப் பார்த்தவர்கள் இன்று இளமை முகத்தையும் பார்க்கப் போகிறீர்கள்.

சரி, விளக்கை அணைக்கச் சொல்கிறேன். படம் ஒன்றரை மணி நேரத்துக்கு மேல் ஓடும். இடைவேளை கிடையாது.