திரியானோன்: கோடு போட்ட பிறகு கேட்ட வாதம்

அவையோருக்கு வணக்கம்.

முதல் உலகப் போரில் தோற்ற நாடு என்றாலே ஜெர்மனியும் வெர்சாய் உடன்படிக்கையும்தான் நம் நினைவுக்கு வருகின்றன. ஜெர்மனி ஐரோப்பாவில் இழந்தது ஏறத்தாழ 13 சதவீத நிலம். ஹங்கேரி இழந்தது மூன்றில் இரண்டு பங்கு! 1920 ஜூன் 4 அன்று வெர்சாயின் திரியானோன் மாளிகையில் ஹங்கேரி தன் சமாதான உடன்படிக்கையில் கையெழுத்திட்டது. திரான்சில்வேனியா ருமேனியாவுக்கு, ஸ்லோவாக்கியா செக்கோஸ்லோவாக்கியாவுக்கு, தெற்குப் பகுதிகள் யூகோஸ்லாவியாவுக்கு. படைக்கு 35,000 பேர்தான் வரம்பு. டாங்கிகளோ போர் விமானங்களோ கூடாது.

பழைய ஹங்கேரிக்காக நான் கண்ணீர் விட மாட்டேன். ஸ்லோவாக்கியரையும் ருமேனியரையும் பள்ளிக்கூடம் வழியாக ஹங்கேரியராக்கப் பார்த்த அரசு அது. அவர்கள் பிரிந்து போனதில் நியாயம் உண்டு. என் குறை வேறு. புதிய எல்லைகளை 1919இலேயே நேச நாடுகளின் குழுக்கள் வரைந்துவிட்டன. ஹங்கேரியத் தூதுக்குழு பாரிசுக்கு வந்து சேர்ந்ததோ 1920 ஜனவரியில். வந்தவர்களும் காவலில் வைக்கப்பட்டார்கள். நிபந்தனைகள் கைக்கு வந்த மறுநாள், ஜனவரி 16 அன்று, தூதுக்குழுத் தலைவரான முதியவர் ஆல்பர்ட் அப்போனி பிரெஞ்சிலும் ஆங்கிலத்திலும் இத்தாலியத்திலும் வாதாடினார். ஹங்கேரியர் வாழும் இடங்களைச் சிவப்பில் காட்டும் வரைபடம் ஒன்றை விரித்துக் காட்டினார். அதிலும் சாமர்த்தியம் உண்டு: மக்கள் அடர்த்தி குறைந்த மலைப்பகுதிகளை வெள்ளையாக விட்டதால் அங்கிருந்த ருமேனியர் கண்ணில் படவில்லை. பிரிட்டிஷ் பிரதமர் லாயிட் ஜார்ஜ் ஆர்வமாகக் குனிந்து பார்த்தார். எல்லை நகரவில்லை.

மொழியை வைத்துத்தான் பிரித்தார்கள் என்று நினைத்துவிடாதீர்கள். ருமேனிய எல்லையில் அராத், ஒராடியா, சாத்து மாரே நகரங்களை இணைக்கும் ரயில் பாதை ருமேனியாவுக்குள் இருக்க வேண்டும் என்று முடிவாயிற்று; அந்தப் பாதையோரத்து ஹங்கேரிய ஊர்களும் கூடவே போயின. மொத்தத்தில் 30 லட்சத்துக்கும் அதிகமான ஹங்கேரியர் எல்லைக்கு வெளியே நின்றார்கள். அகதிகளாக வந்த குடும்பங்கள் புடாபெஸ்டில் சரக்கு ரயில் பெட்டிகளிலேயே குடியிருந்தன.

பெரிய நிலப்பகுதிகளில் எங்கும் மக்களின் வாக்கு கேட்கப்படவில்லை. ஆஸ்திரியாவுக்கு ஒதுக்கப்பட்ட ஷோப்ரோன் நகரிலும் சுற்றுக் கிராமங்களிலும் மட்டும், அதுவும் ஆயுதக் கலகம் நடந்த பிறகு, 1921 டிசம்பரில் வாக்கெடுப்பு வைத்தார்கள். முறைகேடு என்று ஆஸ்திரியா முறையிட்டது. ஆனால் ஹங்கேரிக்கே பெரும்பான்மை கிடைத்தது, நகரம் இன்றும் ஹங்கேரியில்தான் இருக்கிறது.

மற்ற இடங்களில் ஒரு பகுதியை மீட்டுத்தர 1938இலும் 1940இலும் முன்வந்தவர்கள் ஹிட்லரும் முசோலினியும். அதற்கு விலையாக ஹங்கேரி அவர்களோடு சேர்ந்து 1941இல் போருக்குப் போனது. அந்தப் போர் முடிந்தபின் 1947இல் பாரிஸ் உடன்படிக்கை வாங்கியதையெல்லாம் திருப்பிக் கொடுக்கச் செய்தது. இன்றைய ஸ்லோவாக்கியத் தலைநகர் பிராத்திஸ்லாவாவுக்கு எதிரே மூன்று கிராமங்களைக் கூடுதலாகவும் பறித்தது.